லமாரா உறையில் எழுதியது

திபிலிசி
1979 ஜனவரி 14

தெங்கிஸ் அவர்களுக்கு,

இந்தக் கடிதத்தில் உங்களை ‘நீங்கள்’ என்றே எழுதப்போகிறேன். பதினோரு வருஷம் நீ, வா, போ என்று பழகிய வாய்க்கு இது கஷ்டம்தான். ஆனால் எதிராளியின் பயிற்சியாளரிடம் அளவோடு பேச வேண்டும் என்று எனக்கு ஒருவர் சொல்லிக்கொடுத்திருக்கிறார். அந்த ஒருவர் நீங்கள்தான்.

சதுரங்கச் சங்கத்து மாடிப்படியில் வைத்துச் செயலாளர் வாலிகோ எனக்குச் செய்தியைச் சொன்னார். சொல்லிவிட்டு, ஓடிவிடலாமா என்று கீழ்ப்படியைப் பார்த்தார்.

“மனசுல ஒண்ணும் வச்சுக்காதம்மா லமாரா. இர்மா சின்னப் பொண்ணு, அவளுக்கு ஒரு நல்ல பயிற்சியாளர் வேணும். தெங்கிஸும் ஒரு வருஷமா சும்மாதானே கெடக்கான்.”

“அவர் என் புருஷன்” என்றேன்.

“முன்னாள்” என்று திருத்தினார். மற்ற விஷயங்களில் அவருக்கு இவ்வளவு துல்லியம் இருந்திருந்தால் சங்கம் உருப்பட்டிருக்கும்.

மே மாதம் பத்துமியில் நானும் இர்மாவும் பத்து ஆட்டங்கள் ஆடப்போகிறோம். ஜெயிப்பவள் உலகப் பட்டத்துக்கு மோதுவாள். அவளுக்குப் பத்தொன்பது வயது. தோற்றால் மூன்று வருஷம் கழித்துத் திரும்பி வருவாள். எனக்கு முப்பத்தேழு. நான் திரும்பி வரமாட்டேன். இது உங்களுக்குத் தெரியும்.

என்னைப் பற்றி உங்களுக்குத் தெரியாதது என்ன இருக்கிறது? நாலாவது மணி நேரத்தில் எனக்குக் கை நடுங்கும், அதை மறைக்கத்தான் தேநீர்க் கோப்பையைப் பிடித்துக்கொள்கிறேன் என்று தெரியும். களைத்துப்போனால் ராணிக்கு ராணி வெட்டிக்கொண்டு ஆட்டத்தைச் சுருக்கிவிடுவேன் என்று தெரியும். எல்லாவற்றுக்கும் மேலாக அந்த உறை. ஆட்டம் மறுநாளைக்கு ஒத்திவைக்கப்படும்போது அடுத்த நகர்த்தலை எழுதி மூடி நடுவரிடம் கொடுக்கிறோமே, மறுநாள் அவர் திறக்கும்வரை எதிராளிக்குத் தெரியக் கூடாதது, அதில் நான் என்ன எழுதுவேன் என்று உங்களுக்குத் தெரியும். வழி இருந்தால் முதலில் ராஜாவை ஒரு கட்டம் ஒதுக்குவேன். ‘வீட்டைப் பூட்டிவிட்டுத்தான் லமாரா சண்டைக்குப் போவாள்’ என்று சிரிப்பீர்கள்.

அதனால் ஒரே ஒரு கேள்வி. இதையெல்லாம் அந்தப் பெண்ணிடம் சொல்வீர்களா?

பதிலை எதிர்பார்க்கிறேன்.
லமாரா


பகுரியானி
ஜனவரி 23

லமாரா,

உன் ‘நீங்கள்’ ஒவ்வொன்றும் செருப்புக்குள் கல் மாதிரி உறுத்தியது. தயவுசெய்து வேண்டாம்.

இங்கே இடுப்பளவு பனி. பயிற்சி முகாமில் காலையில் கஞ்சி, மத்தியானம் அவரைக்கொட்டை லோபியோ, ராத்திரி மீந்துபோன லோபியோ. இர்மா நல்ல பெண். அதிகம் பேசமாட்டாள். ஜன்னலோரம் உட்கார்ந்து சூரியகாந்தி விதை கொறித்துக்கொண்டே, நான் அரை நாள் யோசித்த நகர்த்தல் வரிசையில் ஓட்டை கண்டுபிடித்துவிடுவாள். எனக்கு எரிச்சலாகவும் இருக்கிறது, சந்தோஷமாகவும் இருக்கிறது.

நான் ஏன் வந்தேன் என்று நீ கேட்கவில்லை. கேட்டிருக்கலாம். ஏழு வருஷத்துக்கு முன்னால் சோச்சியில் ஒரு போட்டி. அதில் முதல் நாலுக்குள் வந்திருந்தால் நானும் கிராண்ட்மாஸ்டர். அதே வாரம் உனக்குப் பெல்கிரேடில் ஆட்டம். யார் எங்கே போனார்கள் என்று உனக்கு நினைவிருக்கும். நான் உன் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பெல்கிரேடு வந்தேன். அதற்காக இன்றுவரை உன்னிடம் முகம் சுளித்ததில்லை. அதன்பிறகு பத்திரிகைக்காரன் ஒருவன் உன்னிடம், ‘உங்கள் வெற்றிக்குப் பின்னால் யார் இருக்கிறார்கள்?’ என்று கேட்டான். ‘பலகைக்கு முன்னால் நான் தனியாள்தான்’ என்று நீ சொன்னாய். நான் அதைப் படித்தபோது உனக்காகக் கத்தரிக்காய் வதக்கிக்கொண்டிருந்தேன். கருகிவிட்டது. ‘கவனமே இல்லை’ என்று அதற்கும் திட்டு வாங்கினேன்.

இந்த முகாமில் என்னை ‘லமாராவின் புருஷன்’ என்று எவரும் கூப்பிடுவதில்லை. அதற்காகத்தான் வந்தேன்.

உன் கேள்விக்கு வருகிறேன். இல்லை, அதற்குள் வரமாட்டேன், அதுதான் பதில். பதினோரு வருஷம் என்னோடு வாழ்ந்த பிறகு இதைக் கேட்க வேண்டிய நிலையில் நீ இருந்தால், நான் எதைச் சொன்னாலும் அது உனக்கு எட்டாது.

உன் கல்யாணச் சீரில் வந்த பலகையை உன்னிடமே விட்டுவிட்டுத்தான் வந்தேன். காய்கள் மட்டும் எப்படியோ என் பையில் வந்துவிட்டன. வழி கிடைத்தால் அனுப்புகிறேன்.

தெங்கிஸ்


திபிலிசி
பிப்ரவரி 3

தெங்கிஸ்,

சரி, நீ. உன் இஷ்டப்படியே.

அந்தப் பேட்டியைக் கொண்டு வருவாய் என்று எனக்குத் தெரியும். அதற்கு முந்தைய மாதம் உன் அண்ணன் வீட்டு விருந்தில் நடந்ததையும் சேர்த்துச் சொல்லியிருக்கலாமே. நான் லெனின்கிராடில் ஜெயித்துவிட்டு வந்திருந்தேன். மேஜையைச் சுற்றி உன் சொந்தக்காரர்கள் அத்தனை பேரும். வாழ்த்துச் சொல்லும் முறை உன்னிடம் வந்ததும் கொம்புக் கிண்ணத்தைத் தூக்கிக்கொண்டு எழுந்து நின்றாய்.

“என் பொண்டாட்டியோட கைக்கு ஒரு வாழ்த்து. அந்தக் கைய நகர்த்துற என் மூளைக்கு ஒரு வாழ்த்து.”

எல்லாரும் சிரித்தார்கள். உன் அண்ணி என் தோளில் தட்டி, “ஏண்டி முகம் சுண்டிப் போச்சு, உன்னத்தானே புகழ்றான்?” என்றாள். நானும் சிரித்துவிட்டுக் குடித்தேன். அந்தப் பேட்டி அதற்கான பதில். நீ கொடுத்த அடியை நான் பத்திரிகையில் திருப்பிக் கொடுத்தேன். கணக்கு அன்றைக்கே தீர்ந்துபோனது என்று நினைத்தேன். நீ அதை அடைகாத்துக்கொண்டிருந்திருக்கிறாய்.

எனக்குச் சங்கம் ரேவாஸை உதவிக்குக் கொடுத்திருக்கிறது. நல்ல பையன். ‘அக்கா, அக்கா’ என்று சுற்றிச்சுற்றி வருகிறான். திறமையில் உன் கால்வாசி. சீர்ப் பலகையில் கடையில் வாங்கிய பிளாஸ்டிக் காய்களை வைத்து ஆடுகிறோம். யானை காற்றுக்கு விழுந்துவிடுகிறது.

தெங்கிஸ், நான் சண்டைக்கு எழுதவில்லை. பயத்தில் எழுதுகிறேன். உட்கார்ந்து யோசிக்கும்போது எதிரே அந்தப் பெண்ணின் முகம் வருவதில்லை, உன் முகம் வருகிறது. ஒவ்வொரு நல்ல நகர்த்தலைக் கண்டுபிடிக்கும்போதும் ‘இது அவனுக்குத் தெரியுமே’ என்று கை பின்வாங்குகிறது. இப்படியே போனால் நான் ஆடவே முடியாது. நீ ‘இல்லை’ என்று ஒரு வார்த்தை எழுது. எழுதினால் நம்புவேன். எத்தனை குறை இருந்தாலும் நீ பொய் சொன்னதில்லை.

இரண்டாவது தடவையாகக் கேட்கிறேன். சொல்வாயா?

லமாரா


பகுரியானி
பிப்ரவரி 15

லமாரா,

ஊரில் எந்தப் புருஷனிடமாவது போய், ‘நீ என் வீட்டுச் சாவியைத் திருடனிடம் கொடுத்தாயா?’ என்று கேட்டுப் பார். அவன் ‘இல்லை’ என்று சொல்லமாட்டான். எழுந்து வெளியே போவான்.

நானும் போகிறேன். இந்த விஷயமாக இனி எழுதாதே.

தெங்கிஸ்


பத்துமி
மே 16

தெங்கிஸ்,

எழுதாதே என்றாய். எழுதுகிறேன். இரண்டு தெரு தள்ளியிருக்கும் உன் விடுதிக்கு இந்த விடுதிக்காரம்மாவின் மருமகள் கையில் கொடுத்தனுப்புகிறேன். வந்த நாளிலிருந்து மழை விடவில்லை. துணி காயவில்லை.

ஆறு ஆட்டம் முடிந்திருக்கிறது. சமமாக நிற்கிறோம். நேற்று நாலாவது மணி நேரம், கோப்பையைக் கையில் எடுத்தேன். எடுத்த அந்த நொடியில் இர்மா தலையைத் தூக்கி, “டிரா பண்ணிக்கலாமா அக்கா?” என்றாள். ஏன் அந்த நொடியில்? நான் ஒத்துக்கொண்டேன். அறைக்கு வந்து பார்த்தால் எனக்கு நல்ல நிலை. இன்னும் ஒரு மணி நேரம் இறுக்கியிருந்தால் ஜெயித்திருக்கலாம்.

மூன்றாவது ஆட்டத்தில் அவள் எடுத்த தொடக்கம், நாம் கிழக்குத் தெரு வீட்டுச் சமையலறையில் ஒரு குளிர்காலம் முழுக்க அலசியது. அதுவும் தற்செயலா?

உன்னை அரங்கத்தில் காணவில்லை. முதல் நாள் பின்வரிசையில் பார்த்தேன், பிறகு இல்லை. முகத்தைக் காட்ட முடியவில்லையோ என்று ரேவாஸிடம் சொன்னேன். அவன், “வேண்டாங்க்கா, ஆட்டத்தப் பாருங்க. அவரப் பாக்காதீங்க” என்றான். பையன் சொல்வது சரிதான். என்னால் முடியவில்லை.

சொல்லிவிட்டாய், இல்லையா? இதற்காவது பதில் போடு. ஆமாம் என்றாலும் பரவாயில்லை. ஆமாம் என்று தெரிந்தால் அதற்குத் தக்கபடி ஆடிக்கொள்வேன்.

லமாரா


பத்துமி
மே 16, மாலை

போட்டி நடக்கும்போது எதிர்த்தரப்பு ஆட்டக்காரரோடு பயிற்சியாளர்கள் கடிதப் போக்குவரத்து வைத்துக்கொள்ளக் கூடாது. விதி உனக்குத் தெரியும்.

தெங்கிஸ்


குத்தாயிசி
ஜூன் 9

லமாரா,

போட்டி முடிந்துவிட்டது. விதி இனி இல்லை. எழுதுகிறேன்.

முகாமிலிருந்து விலகிவிட்டேன். குத்தாயிசியில் அண்ணன் வீட்டில் இருக்கிறேன். உன் கடிதத்தில் வந்த அண்ணி உன்னைப் பற்றித் தினமும் கேட்கிறாள். நான் தோட்டத்துப் பக்கம் போய்விடுகிறேன்.

முதலில் உன் குற்றப்பட்டியல். அந்தத் தொடக்கம் போன வருஷமே ரீகா போட்டியில் ஆடப்பட்டு அச்சில் வந்துவிட்டது. சமையலறை நமக்கு மட்டும் சொந்தம், சதுரங்கம் ஊருக்கே சொந்தம். டிரா கேட்ட விஷயத்தை இர்மாவிடமே விசாரித்தேன். அவளுக்கு அன்று வயிற்றுவலி. உன் கோப்பையை அவள் பார்க்கவே இல்லை.

இப்போது மற்றது. இந்த வேலையை ஒப்புக்கொண்ட அன்றே வாலிகோவிடம் ஒரு நிபந்தனை போட்டேன். இர்மாவின் தொடக்கங்களை மட்டும்தான் பார்ப்பேன். லமாராவின் ஆட்டத்தைப் பற்றிப் பேச்சு எடுத்தால் நான் எழுந்து போய்விடுவேன். வாலிகோ கெக்கலித்துச் சிரித்தார். “ஏம்ப்பா, பொண்டாட்டி போனாலும் பயம் போகலியா?” அவர் எப்படி வேண்டுமானாலும் சொல்லிக்கொள்ளட்டும். முகாமில் உன் பெயர் வரும்போதெல்லாம் வெளியே போய்ப் பனியில் நின்றேன். பத்துமியில் துறைமுகப் பக்கம் போய்விடுவேன். மீன் பொரிக்கும் கிழவன் ஒருவனோடு சிநேகம். அவனுக்குச் சதுரங்கம் தெரியாது. அது பெரிய நிம்மதி.

ஒன்பது ஆட்டமும் சமமாகப் போய், கடைசி ஆட்டம் ஒத்திவைக்கப்பட்ட அன்று மாலையும் அங்கேதான் இருந்தேன். உனக்கு என்ன நிலை என்றுகூட எனக்குத் தெரியாது. மறுநாள்தான் அரங்கத்துக்கு வந்து பின்சுவரோரம் நின்றேன். பலகையைப் பார்த்தேன். ஆளுக்கொரு யானை. ஆளுக்கொரு சிப்பாய் ராணியாகப் போக ஓடிக்கொண்டிருக்கிறது. உன்னுடையது முன்னால். பார்த்ததும் எனக்கே மூச்சு லேசாகிவிட்டது. ராஜாவை ஒரு கட்டம் ஒதுக்கினால் தீர்ந்தது கதை. அதைத்தானே லமாரா எழுதியிருப்பாள், எழுதாமல் வேறு என்ன செய்வாள் என்று நினைத்தேன். வாழ்க்கை முழுக்க நீ எழுதிய நகர்த்தல் அது. உலகப் பட்டத்துக்குப் போகிறாள் என்று பக்கத்தில் நின்ற யாரோ ஒருவனிடம் சொல்லிவிட்டேன்.

நடுவர் உறையைக் கிழித்தார். சிப்பாயை எடுத்து ஒரு கட்டம் முன்னால் வைத்தார்.

நான் தப்பாகப் பார்க்கிறேன் என்று நினைத்தேன். இர்மாவும் அப்படித்தான் நினைத்திருக்கிறாள், நடுவரிடம் காகிதத்தை வாங்கிப் பார்த்தாளே. அதற்குள் நீ தலையைக் குனிந்துவிட்டாய்.

அன்று சாயங்காலம் அவள் என்னிடம் வந்தாள். ஜெயித்த பெண் முகமாக இல்லை.

“மாமா, அவங்க ராஜாவத்தான் நகர்த்துவாங்கன்னு நாங்க எல்லாரும் நெனச்சோம். அதுக்கு எங்ககிட்ட பதிலே இல்ல. எவ்வளவு தேடியும் கிடைக்கல. காலையில கை குடுத்துட்டு ஒத்துக்கலாம்னுதான் வந்தேன். பெட்டிகூடக் கட்டி வச்சிருந்தேன்.”

ராஜாவை நகர்த்துவாய் என்று நினைக்க அவர்களுக்கு நான் தேவைப்படவில்லை, லமாரா. பலகையே அதைச் சொன்னது. ஒரு பள்ளிக்கூடத்துப் பெண்கூட அதைத்தான் ஆடுவாள்.

நான் ஒரு சொல்லும் சொல்லவில்லை. இதை இப்போது உனக்கு எழுதுவதில் ஒரு குரூரமான சந்தோஷம் இருக்கிறது என்று ஒப்புக்கொள்கிறேன். என்னை நீ அவ்வளவு கேவலமாக நினைத்தாய். அதற்கு விலையும் நீயே கொடுத்தாய். ஆனால் அந்தச் சந்தோஷம் நிற்கவில்லை. பிறகு வருவது தாங்கவில்லை.

ஒரு விஷயம் கேட்கலாமா? மூன்று வருஷம் ஒன்றும் பெரிதல்ல. நாற்பதில் ஆடியவர்கள் உண்டு. நான் வருகிறேன். பழையபடி புருஷனாக வேண்டாம், உதவியாளாக மட்டும் வருகிறேன். யோசி.

தெங்கிஸ்


திபிலிசி
ஜூன் 20

தெங்கிஸ்,

உன் கடிதம் வந்து இத்தனை நாளாக அதை மேஜையில் வைத்துச் சுற்றிச்சுற்றி வந்தேன். இப்போது உட்கார்ந்துவிட்டேன்.

நீ சொன்னதை நம்புகிறேன். முழுசாக நம்புகிறேன். ஜனவரியில் சொல்லியிருந்தாலும் இதே அளவு நம்பியிருப்பேன்.

அந்த மேஜையில் என்ன நடந்தது என்று உனக்குத் தெரிய வேண்டும். நேரம் முடிந்தது. நடுவர் உறையை நீட்டினார். ராஜாவை ஒதுக்கினால் ஜெயம் என்று எனக்கும் தெரிந்தது. பேனாவை எடுத்தேன். அப்போது நீ வந்து எதிரே உட்கார்ந்தாய். ‘வீட்டைப் பூட்டுவாள், நிச்சயம் பூட்டுவாள்’ என்று அவர்களிடம் நீ சொல்லிக்கொண்டிருப்பது என் காதில் கேட்டது. விடிவதற்குள் நீ ஒரு பதிலைக் கண்டுபிடித்துவிடுவாய் என்று தோன்றியது. நீ எப்போதும் கண்டுபிடிப்பாய். சிப்பாயைத் தள்ளினால் நீ எதிர்பார்க்கமாட்டாய். அதுவும் ஜெயிக்கும் மாதிரிதான் தெரிந்தது. எழுதி, மூடி, கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். உன்னை ஏமாற்றிவிட்டேன் என்று சிரிப்புகூட வந்தது. இர்மா எதிரே இருந்ததே எனக்கு மறந்துபோயிற்று.

அறைக்கு வந்ததும் ரேவாஸ் பலகையை விரித்தான். “ராஜாவத்தானேக்கா?” என்றான். இல்லை என்றேன். காய்களை நகர்த்திப் பார்த்தான். என் சிப்பாய் ராணியாகிறது, அடுத்து அவளுடையதும் ஆகிறது. ஆகும்போதே என் ராஜாவுக்கு செக், அதில் என் புது ராணி போய்விடுகிறது. ராஜா ஒதுங்கியிருந்தால் அந்த செக் கிடையாது. அவ்வளவு சின்ன விஷயம். எனக்காகத் தேநீர் போடப் போன ரேவாஸ் வெகுநேரம் வரவேயில்லை.

எழுதி மூடியதை மாற்ற முடியாது. தோற்றுவிட்டேன் என்று தெரிந்துகொண்டே மறுநாள் குளித்து, நல்ல உடுப்பு உடுத்தி, கூட்டத்தின் நடுவே நடந்து போய் அந்த நாற்காலியில் உட்கார்ந்தேன். வாசலில் ஒரு அம்மாள் எனக்குப் பூங்கொத்துக் கொடுத்து, “இன்னிக்கு உங்க நாளு கண்ணு” என்றாள்.

உன்மேல் குற்றம் இல்லை என்கிறாய். நீ என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை, சரி. அதை வைத்துக்கொண்டு நன்றாகத் தூங்கு. ஆனால் நீ காட்டிக்கொடுத்திருந்தாலும் நான் ஜெயித்திருப்பேன். அந்த நிலையில் ராஜா நகர்ந்த பிறகு எவராலும் ஒன்றும் செய்திருக்க முடியாது என்று நீயே எழுதியிருக்கிறாய். பத்துமியில் ‘ஆமாம், சொல்லிவிட்டேன்’ என்று எழுதியிருந்தால்கூட நான் பலகையைப் பார்த்து ஆடியிருப்பேன். ஆமாம் என்றும் சொல்லாமல், இல்லை என்றும் சொல்லாமல், ஐந்து மாதம் என்னை உன் முகத்தோடு ஆட வைத்தாய். பனியில் போய் நின்றதையும் மீன்காரக் கிழவனையும் இப்போது எழுதுகிறாய். என்னிடம் சொல்லாமல் பனியில் நின்றால் எனக்கு என்ன, உனக்குத்தான் குளிர். உன் மானம் பெரிது. என் கடைசிப் போட்டியைவிடப் பெரிது.

நானும் சும்மா இருந்தவள் அல்ல. பொய் சொல்லாதவன் என்று எழுதிய அதே கையால் உன்னைத் துரோகி என்று நம்பினேன். அதற்கு எனக்குத் தண்டனை கிடைத்துவிட்டது. உனக்குத்தான் ஒன்றும் கிடைக்கவில்லை. அதனால்தான் வருகிறேன் என்கிறாய். வராதே. மூன்று வருஷமும் நீ எதைச் சொல்லாமல் வைத்திருக்கிறாய் என்று யோசித்தே என் தலை நரைத்துவிடும்.

வாலிகோ போன வாரம் வந்தார். இர்மாவைப் பட்டத்துக்குத் தயார் செய்ய ஆள் இல்லை, நீயும் விலகிவிட்டாய். நான் வருவேனா என்று, தரையைப் பார்த்துக்கொண்டே கேட்டார். வருகிறேன் என்றேன். எனக்கு வேறு என்ன தெரியும்?

நேற்று இர்மா வீட்டுக்கு வந்தாள். கதவைத் தாண்டி வராமல் நின்றாள். கையில் ஒரு பை ஆரஞ்சு.

“அக்கா, நான் ஜெயிச்சதுல உங்களுக்கு எம்மேல கோவமா?”

“இல்லை” என்றேன்.

அது முழு உண்மை அல்ல. அவளைப் பார்க்கப் பார்க்க நெஞ்சு எரிகிறது. ஆனால் கேட்டுவிட்டு நின்ற அந்த முகத்தைப் பார்த்தால் உனக்கும் புரிந்திருக்கும். பிள்ளை அன்றைக்குத் தூங்க வேண்டாமா? சொன்னதும் உள்ளே வந்து உட்கார்ந்து ஆரஞ்சு உரிக்க ஆரம்பித்தாள். ஒரே ஒரு சொல், தெங்கிஸ். சொல்ல எனக்கு ஒரு மூச்சுகூட ஆகவில்லை.

லமாரா